பின்வாங்கலின் இலக்கியமும் படையெடுப்பின் மௌனமும்: இத்தாலியப் போர் நினைவெழுத்து குறித்த ஒரு மறுவாசிப்பு

ஆய்வுச்சுருக்கம்

இரண்டாம் உலகப் போரில் பாசிச இத்தாலி கிரேக்கத்தின் மீதும் சோவியத் நாட்டின் மீதும் நடத்திய படையெடுப்புகள் தோல்வியில் முடிந்தன. அத்தோல்வியிலிருந்து பிறந்த நினைவெழுத்துகள் போருக்குப் பிந்தைய இத்தாலிய இலக்கியத்தில் செல்வாக்கு மிக்க வகைமையாக வளர்ந்தன. மாரியோ ரிகோனி ஸ்டேர்னின் ‘பனியில் ஒரு சார்ஜென்ட்’ என்னும் நூலை மையமாகக் கொண்டு, அவ்வகைமை தன் கதையை எவ்விடத்தில் தொடங்குகிறது என்னும் வினாவை இக்கட்டுரை எழுப்புகிறது. பின்வாங்கலை மட்டும் சொல்லும் கதை, படையெடுத்தவரைப் பாதிக்கப்பட்டவராக மாற்றிவிடுகிறது. அம்மாற்றத்தை நிறைவு செய்தது நூலைக் காட்டிலும் அதன் வரவேற்பே என்பது இக்கட்டுரையின் வாதம்.

திறவுச்சொற்கள்: பாசிசம், போர் நினைவெழுத்து, ரிகோனி ஸ்டேர்ன், நூத்தோ ரெவெல்லி, டான் போர்முனை, கிரேக்க ஆக்கிரமிப்பு, வஞ்சித்திணை

1953: மூன்று எழுத்துகள்

1953ஆம் ஆண்டில் இத்தாலியில் வெளிவந்த மூன்று எழுத்துகளை அருகருகே வைத்துப் பார்த்தல் வேண்டும். தூரின் நகரத்து எய்னவுதி பதிப்பகம், எலியோ வித்தோரினியின் பொறுப்பில் நடத்திய ‘இ ஜெத்தோனி’ என்னும் நூல்வரிசையில், மாரியோ ரிகோனி ஸ்டேர்ன் என்ற முன்னாள் மலைப்படைச் சார்ஜென்டின் நினைவெழுத்தை வெளியிட்டது. டான் ஆற்றங்கரையிலிருந்து உறைபனியில் பின்வாங்கிய படையின் கதை அது. அதே வரிசையில், அதே ஆண்டில், கிரேக்கத்தில் படை அதிகாரியாக இருந்த ஓவியர் ரென்சோ பியாசியோனின் ‘சகப்போ’ என்னும் கதைத்தொகுதியும் வெளிவந்தது. அச்சொல் கிரேக்க மொழியில் ‘உன்னைக் காதலிக்கிறேன்’ எனப் பொருள்படும். மூன்றாவது எழுத்து நூலன்று. ரென்சோ ரென்சி என்னும் திறனாய்வாளர் ‘சினேமா நுவோவோ’ இதழின் பிப்ரவரி வெளியீட்டில் எழுதிய ஒரு திரைப்பட முன்வரைவு அது. கிரேக்கத்தை ஆக்கிரமித்திருந்த இத்தாலியப் படையின் அன்றாடத்தை, ரொட்டிக்கு உடலை விலையாகக் கொடுத்த பெண்களை, பழிவாங்கும் தண்டனைகளைத் திரைக்குக் கொண்டுவர வேண்டும் என்று ரென்சி அதில் கோரினார். அவரும் அங்கே பணியாற்றியவரே.

ரிகோனி ஸ்டேர்னின் நூல், முதல் நூலுக்குரிய வியாரெஜ்ஜோ பரிசை அவ்வாண்டே பெற்றது. ரென்சியும் இதழாசிரியர் குய்தோ அரிஸ்தார்கோவும் செப்டம்பரில் கைது செய்யப்பட்டு, பெஸ்கியேரா இராணுவச் சிறையில் அடைக்கப்பட்டனர். ஆயுதப்படைகளை இழிவுபடுத்தியதாக இராணுவ நீதிமன்றம் இருவரையும் தண்டித்தது. குடிமக்களை இராணுவ நீதிமன்றம் விசாரித்தது எவ்வாறு என்று கேட்கத் தோன்றும். இருவரும் முன்னாள் படைவீரர். ஆதலின் இன்னமும் இராணுவச் சட்டத்துக்கு உட்பட்டவர்கள் என விளக்கம் தரப்பட்டது. முசோலினி பதவியிழந்து பத்து ஆண்டுகள் கழிந்திருந்தன. நாடு குடியரசாகியிருந்தது. அத்திரைப்படம் எடுக்கப்படவே இல்லை.

ஒரே போரைப் பற்றிய, ஒரே படையில் பணிபுரிந்தவர்களின் எழுத்துகள் இவை. ஒன்றுக்குப் பரிசும் மற்றொன்றுக்குச் சிறையும் கிடைத்தமைக்கு இலக்கியத் தரம் காரணமாக இயலாது. பனியில் வதைபட்ட இத்தாலிய வீரனைப் பற்றிப் பேசலாம். பிறர் நாட்டில் அதிகாரம் செலுத்திய இத்தாலிய வீரனைப் பற்றிப் பேசலாகாது என்னும் எல்லைக்கோடு அவ்வாண்டில் வெளிப்படையாகவே வரையப்பட்டது. ரிகோனி ஸ்டேர்னின் நூலை வாசிக்கும் எவரும் அக்கோட்டை மனத்தில் கொண்டே வாசிக்க வேண்டியவராகின்றனர்.

மண்நசையும் அதன் முடிவும்

பாசிச இத்தாலியின் போர்வேட்கை, செருமனியின் நிழலில் தற்செயலாக விளைந்த ஒன்றாகப் பல காலம் சித்திரிக்கப்பட்டது. தாவிதே ரொதோஞ்ஞோ முதலிய வரலாற்றாசிரியர்களின் ஆய்வுகள் அச்சித்திரத்தை மாற்றியுள்ளன. மத்தியதரைக் கடலைச் சுற்றித் தனக்கென ஒரு ‘வாழ்வெளி’யை அமைத்துக்கொள்ளும் திட்டம் ரோமிடம் இருந்தது. 1940 ஜூன் 10 அன்று போரில் நுழைந்த முசோலினி, செருமனிக்கு இணையாகத் தனிப் போர் ஒன்றை நடத்த விரும்பினார். அவ்விருப்பத்தின் முதற்பெரும் சோதனைக்களம் கிரேக்கம்.

1940 அக்டோபர் 28 அன்று விடியுமுன் ஏதென்சிலிருந்த இத்தாலியத் தூதர், கிரேக்கப் பிரதமர் மெட்டாக்சாசிடம் இறுதி எச்சரிக்கையைக் கையளித்தார். அதற்குரிய கெடு மூன்று மணி நேரம். அல்பேனியாவிலிருந்து எபிரஸ் மலைகளுக்குள் புகுந்த படைக்குக் கூதிர்கால மழை தொடங்கிவிட்டது, சாலைகள் சேறாயின, துறைமுகங்களில் சரக்கு தேங்கியது. இவை இயற்கையின் சதிகள் என்று எழுதிச் செல்லும் வழக்கம் உண்டு. ஆனால் படையெடுப்புக்குச் சில நாட்களுக்கு முன்னரே, அறுவடைக்கும் ஆலைகளுக்கும் ஆள் தேவை என்று பல லட்சம் வீரர்களை வீட்டுக்கு அனுப்பத் தொடங்கிய அரசு அது. படையெடுப்பை முடிவு செய்த அக்டோபர் 15 கூட்டத்துக்குக் கடற்படைத் தலைமையும் வான்படைத் தலைமையும் அழைக்கப்படவில்லை. எதிரி எளிதில் சிதறிவிடுவான் என்னும் நம்பிக்கையே திட்டமாயிற்று. நவம்பர் 22 அன்று கிரேக்கர்கள் அல்பேனியாவுக்குள் கோர்சா நகரைக் கைப்பற்றினர். 1941 ஏப்ரலில் செருமனி தலையிட்ட பின்னரே அம்முனை முடிவுக்கு வந்தது. தனிப் போர் என்னும் கனவு அங்கே கலைந்தது. ஆயினும் கிரேக்கத்தின் பெரும்பகுதி இத்தாலிய ஆக்கிரமிப்பின் கீழ் வந்தது. போரில் தோற்றவன் ஆட்சியாளனாக அமர்த்தப்பட்ட இந்த விசித்திர நிலையே, 1953இல் பேசத் தடையாயிருந்த பகுதி.

சோவியத் நாட்டுக்குப் படை அனுப்ப வேண்டும் என்பதில் இட்லரைக் காட்டிலும் முசோலினியே ஆர்வம் காட்டினார். 1941 கோடையில் ஜெனரல் மெஸ்ஸேயின் தலைமையில் ஏறத்தாழ 62,000 பேர் சென்றனர். மறு ஆண்டில் அது ஜெனரல் கரிபோல்தியின் கீழ் 2,30,000 பேர் அளவிலான எட்டாம் படையாக விரிந்தது. அதில் திரிதெந்தீனா, யூலியா, குனெயென்சே ஆகிய மூன்று மலைப்படைப் பிரிவுகளும் இருந்தன. காக்கேசிய மலைகளில் போரிடுவதற்கென்று கயிறும் பாறை முளைகளும் கோவேறு கழுதைகளுமாகப் புறப்பட்ட இப்பிரிவுகள், குன்றுகூட அரிதான டான் சமவெளியில் நிறுத்தப்பட்டன. கையிலிருந்த துப்பாக்கி 1891ஆம் ஆண்டின் மாதிரி. கவசவாகனங்களை எதிர்க்கத் தக்க பீரங்கிகள் மிகக் குறைவு. 1942 டிசம்பர் 16இல் தொடங்கிய சோவியத் தாக்குதல் ஆற்றங்கரையிலிருந்த ஏனைய இத்தாலியப் பிரிவுகளைச் சிதைத்தது. ஜனவரியில் தொடங்கிய அடுத்த தாக்குதல் மலைப்படையைச் சூழ்ந்தது. ஜனவரி 17 அன்று பின்வாங்கல் தொடங்கி, 26 அன்று நிக்கோலாயெவ்கா என்னும் ஊரில் சூழ்ச்சிவளையத்தை உடைத்து எஞ்சியவர்கள் வெளியேறினர். இறந்தோரும் காணாமற்போனோரும் ஏறத்தாழ 85,000 பேர். சிறைப்பட்டவர்களுள் பின்னாளில் நாடு திரும்பியோர் சுமார் 10,000 பேரே.

நூல் தொடங்கும் இடம்

‘பனியில் ஒரு சார்ஜென்ட்’ இரு பகுதிகளால் ஆனது. முதற்பகுதி ஆற்றங்கரைக் காவலரணில் நிகழ்கிறது. இரண்டாம் பகுதி சூழப்பட்ட நிலையில் நடக்கும் பின்வாங்கலைச் சொல்கிறது. ரிகோனி ஸ்டேர்ன் 1921இல் ஆசியாகோவில் பிறந்தவர். 1938இல், இருபது வயதுகூட நிரம்பாத நிலையில், மலைப்படைப் பள்ளியில் தாமே விரும்பிச் சேர்ந்தவர். பிரான்சு எல்லையிலும் அல்பேனிய முனையிலும் போரிட்டபின் ரஷ்யா சென்றவர். 1943 செப்டம்பரில் செருமானியரால் சிறைபிடிக்கப்பட்டு, சாலோவில் அமைந்த பாசிச அரசின் படையில் சேர மறுத்து, சிறைமுகாமில் இந்நூலின் முதல்வடிவை எழுதினார். இவ்வாழ்வில் மூன்று தொடக்கங்கள் இருந்தன: பதின்ம வயதுச் சேர்க்கை, அல்பேனியா, ரஷ்யாவுக்குச் சென்ற ரயில். நூல் இம்மூன்றையும் விட்டு நான்காவது இடத்தில் தொடங்குகிறது. வாசகன் கண்விழிக்கும்போது இத்தாலியர்கள் ஏற்கெனவே டான் கரையில் இருக்கிறார்கள். அவர்கள் அங்கு வந்த கதை இல்லை.

இதனை மறைப்பு என்று உடனே தீர்ப்பளிப்பது அவசரமாகும். முகாமில் பசியோடு எழுதிய ஒருவன் தன் உடலில் மிக அண்மையில் பதிந்ததை முதலில் எழுதுவது இயல்பு. ரிகோனி ஸ்டேர்ன் எழுத்தைத் தொழிலாகக் கொண்டவரல்லர் என்னும் கருத்தை வித்தோரினி நூலின் அறிமுகத்தில் முன்வைத்தார். அதனைப் பாராட்டு எனக் கொள்வதா குறை எனக் கொள்வதா என்பது இன்றும் தெளிவில்லை. ஆனால் உள்நோக்கம் எதுவாயினும், தொடக்கப்புள்ளிக்கு விளைவு உண்டு. காரணம் வெட்டப்பட்ட துன்பம் விதியாகத் தோற்றமளிக்கிறது. பனி, பசி, நடை, தூக்கம் என்னும் நான்கு சொற்களுக்குள் நூல் சுழலும்போது எதிரி என்பது குளிராகிவிடுகிறது.

ஆயினும் நூலை நெருங்கி வாசித்தால், விடுபட்டது முற்றிலும் விடுபடவில்லை என்பது புலனாகும். காவலரண் அமைந்திருக்குமிடம் ஆற்றங்கரை மீனவர் ஊர். வீடுகள் பாழடைந்துள்ளன. கைவிடப்பட்ட அவ்வீடுகளில் கிடைத்த ரை தானியத்தை அரைத்து வீரர்கள் தம் ஊர்க் களியைக் கிண்டுகிறார்கள். இப்பக்கங்களின் வெதுவெதுப்பைத் திறனாய்வாளர் பலர் போற்றியுள்ளனர். மலைநாட்டு உழவர்களின் தோழமை அங்கே உயிரோடு இருக்கிறது என்பதும் மெய்யே. ஆனால் தானியத்தை விதைத்தவர்கள் எங்கே? மீனவர்கள் எங்கே போயினர்? நூல் இவ்வினாக்களைக் கேட்பதில்லை. எனினும் வினாவுக்குரிய பொருள்களான வெற்று வீட்டையும் உரிமையாளரற்ற தானியத்தையும் அது கண்முன் வைத்துவிடுகிறது. பிரச்சார எழுத்து இத்தகைய பொருள்களை விட்டுவைக்காது. ரிகோனி ஸ்டேர்னின் கண் அவருடைய கதைச்சட்டகத்தைவிட நேர்மையானது.

நிக்கோலாயெவ்காவில் நிகழும் புகழ்பெற்ற காட்சியும் அத்தகையது. சண்டையின் நடுவே பசித்த சார்ஜென்ட் ஒரு வீட்டின் கதவைத் தட்டி உள்ளே நுழைகிறான். ஆயுதம் தாங்கிய ரஷ்ய வீரர்கள் மேசையில் அமர்ந்து உண்டுகொண்டிருக்கிறார்கள். யாரும் சுடவில்லை. அவன் ரஷ்ய மொழியில் உணவு கேட்கிறான். வீட்டுப்பெண் தட்டில் ஊற்றித் தருகிறாள். உண்டபின் நன்றி சொல்லி, தோழர்களுக்கென ஒரு தேனடையையும் பெற்றுக்கொண்டு வெளியேறுகிறான். போரின் நடுவே மானுடம் மலர்ந்த தருணம் என இக்காட்சி பாடநூல்களில் இடம்பெற்றுவிட்டது. அவ்வாசிப்பைப் பிழை எனல் பொருந்தாது. ஆனால் அது குறைபட்ட வாசிப்பு. அவ்வீட்டில் மூன்று தரப்பினர் உள்ளனர்: படையெடுத்தவன், தற்காத்தவர்கள், வீட்டுக்குரியவள். வீரர்களுக்கிடையிலான மௌன உடன்பாட்டை வியக்கும் வாசகர்கள் மூன்றாமவளை விருந்தோம்பலின் உருவமாக்கி நகர்ந்துவிடுகின்றனர். அவளுக்கு வேறு வழி இருந்ததா என்பது கேட்கப்படுவதில்லை. சார்ஜென்டுக்குத் தெரிந்திருந்த ரஷ்ய மொழியும் கவனத்துக்குரியது. பசியையும் உணவையும் குறித்த சொற்கள் ஆக்கிரமிப்புப் படையின் வீரன் முதலில் கற்கும் சொற்கள். அச்சொற்களை அவன் பல மாதங்களாகப் பல வீடுகளில் பயன்படுத்தியிருக்க வேண்டும். அவ்வீடுகள் நூலில் இல்லை.

முல்லையின் புறன்

தமிழ்ப் பொருளிலக்கண மரபு இவ்விடத்தில் ஒரு கருவியைத் தருகிறது. பிறர் மண்மீது கொண்ட வேட்கையால் மேற்செல்லுதலை வஞ்சித்திணை எனக் கொள்ளும் தொல்காப்பியம், அதனை முல்லைக்குப் புறனாக வைக்கிறது. பிரிந்தோன் வீடு மீள்வதை எதிர்நோக்கும் அகத்தின் மறுபக்கம், அவன் பிறர் நாட்டுக்குச் சென்ற படையெடுப்பு. இவ்விரண்டையும் ஒரே நிகழ்வின் இரு முகங்களாகக் கண்டமை நுண்ணிய பார்வை. வஞ்சியின் துறைகளுள் ஒன்றாக எரிபரந்தெடுத்தலையும், அதாவது பகைவர் நாட்டை எரியூட்டுதலையும், இலக்கணம் ஒளிக்காமல் எண்ணுகிறது. அம்மரபு எரியூட்டலை வேந்தனின் புகழாகப் பாடியது என்பதையும் இங்கே சொல்லிவிட வேண்டும். அது போரெதிர்ப்பு மரபன்று. ஆயினும் பாசறையில் வீட்டை நினைந்து ஏங்கும் மறவன் எதற்காகப் பாசறையில் இருக்கிறான் என்பதை அது மறைக்கவில்லை.

இத்தாலியப் பின்வாங்கல் இலக்கியம் முல்லையை மட்டும் வைத்துக்கொண்ட இலக்கியம். ரிகோனி ஸ்டேர்னின் நூலில் ஜுவானின் என்னும் எளிய வீரன் வீடு போய்ச் சேர்வோமா என்று சார்ஜென்டை மீண்டும் மீண்டும் கேட்டுக்கொண்டே இருக்கிறான், நிக்கோலாயெவ்காவில் மடிகிறான். நூலின் உணர்ச்சி மையமே அக்கேள்விதான். அது வாசகனை உலுக்குவதும் இயல்பே. ஆனால் அதன் புறனாகிய வஞ்சி எங்கு நிகழ்ந்தது என்று தேடினால் வேறு இடங்களுக்குச் செல்ல வேண்டியுள்ளது. 1943 பிப்ரவரி 16 அன்று தெஸ்ஸலியில் டொமெனிகோ என்னும் சிற்றூரை இத்தாலியப் படை எரித்து, ஏறத்தாழ 150 ஆண்களைச் சுட்டுக் கொன்றது. அருகில் நடந்த கெரில்லாத் தாக்குதலில் ஒன்பது கருஞ்சட்டையினர் மாண்டதற்கான பழிவாங்கல் அது. நிக்கோலாயெவ்கா நிகழ்ந்து மூன்று வாரம்தான் ஆகியிருந்தது. சுலோவேனியாவிலும் குரோவாசியாவிலும் ஜெனரல் ரொவாத்தா 1942 மார்ச்சில் பிறப்பித்த ‘3சி’ சுற்றறிக்கை பிணைக்கைதிகளைப் பிடித்தலையும் வீடுகளை அழித்தலையும் முறைமைப்படுத்தியது; லூப்லியானா நகரைச் சுற்றி முள்வேலி கட்டப்பட்டது; ராப் தீவு முகாமில் குழந்தைகளும் பசியால் மாண்டனர். இப்பக்கங்களுக்கு ஒரு ‘சார்ஜென்ட்’ கிடைக்கவில்லை.

பியாசியோனின் ‘சகப்போ’ அவ்வெற்றிடத்தை ஓரளவு தொட்டது. பசித்த பெண்களும் சலித்த வீரர்களும் அதில் உள்ளனர். ஆனால் அந்நூலைத் தழுவி எடுக்கப்பட்டதாகச் சொல்லப்படும் ‘மெதித்தெர்ரானெயோ’ (1991) திரைப்படம் அப்பசியையும் நீக்கி, கடலும் வெயிலும் காதலுமான விடுமுறையாக ஆக்கிரமிப்பை மாற்றியது. வெளிநாட்டுப் படத்துக்கான ஆஸ்கர் விருதும் பெற்றது. 1953இல் சிறை காத்த எல்லையை 1991இல் நகைச்சுவை காத்தது எனலாம்.

பெதெஸ்கியும் ரெவெல்லியும்

வகைமை தன்னுள்ளேயே வேறு வழிகளையும் கண்டது. ஜூலியோ பெதெஸ்கியின் ‘பனிக்கட்டி உறைந்த ஒரு லட்சம் உணவுக்கலங்கள்’ (1963) பெருவிற்பனை கண்ட நாவல். யூலியா பிரிவில் மருத்துவ அதிகாரியாக இருந்த அவர், 1943க்குப் பின் சாலோ அரசின் பக்கம் நின்றவர். நாவலில் தியாகம் பெருகுகிறது. தியாகத்துக்கு ஆணையிட்டவர்கள் மங்குகின்றனர். இதனை ரிகோனி ஸ்டேர்னின் நூலோடு ஒரே தட்டில் வைப்பது தவறு. எனினும் சந்தையும் நினைவுவிழாக்களும் இரண்டையும் ஒரே அடுக்கில்தான் வைத்தன.

நூத்தோ ரெவெல்லியின் வழி வேறு. இராணுவக் கழகத்தில் பயின்ற தொழில்முறை அதிகாரியான அவர், திரிதெந்தீனா பிரிவில் அதே பின்வாங்கலைக் கடந்தவர். நாடு திரும்பியபின் மலையேறிப் பாசிச எதிர்ப்புக் கெரில்லாப் படைக்குத் தலைமை தாங்கினார். 1946இல் வெளிவந்த அவருடைய நாட்குறிப்பு கதையை ஆற்றங்கரையில் தொடங்கவில்லை. முனைக்குச் செல்லும் ரயிலிலிருந்தே தொடங்குகிறது. வழியில் யூதர்கள் நடத்தப்படும் விதத்தை அவர் காண்கிறார். தொடக்கப்புள்ளி சில வாரங்கள் முன்னே நகர்ந்ததும் நூலின் அறநிலையே மாறிவிடுகிறது. எந்தப் பக்கம் நின்று போரிடப்போகிறோம் என்னும் அறிவு முனைக்குச் செல்லுமுன்பே பதிவாகிறது. பின்னர் ‘ஏழைகளின் போர்’ (1962) நூலில் பின்வாங்கலையும் எதிர்ப்புப் போரையும் ஒரே கதையாக இணைத்தார். ‘தவாயின் பாதை’ (1966) நூலில் குனெயோ மாவட்டத்து உழவர்களான முன்னாள் வீரர்களின் வாய்மொழிகளைத் தொகுத்தார்.

ரெவெல்லியிடமும் ஒரு சிக்கல் எஞ்சுகிறது. ‘ஏழைகளின் போர்’ என்னும் தலைப்பே வீரனை வர்க்கத்தால் விளக்குகிறது. ஏழை அனுப்பப்பட்டான், ஆதலின் அவன் குற்றமற்றவன் என்னும் முடிவுக்கு வாசகன் எளிதில் வழுக்கிவிழலாம். அனுப்பப்பட்டவனும் அங்கே ஏதோ செய்தான். தோமாஸ் ஷ்லெம்மர், இத்தாலியர் ரஷ்யாவில் படையெடுப்பாளர்களே என்பதை ஆவணங்களால் நிறுவியபோது, ரெவெல்லியின் அறச்சினம்கூட முழுமையாகத் தொடாத பரப்பு அது என்பது தெரியவந்தது. அஞ்சலோ தெல் பொக்கா, பிலிப்போ ஃபொக்கார்தி ஆகியோர் ‘நல்ல இத்தாலியன், கெட்ட செருமானியன்’ என்னும் இணைப்படிமத்தை அவிழ்த்துக் காட்டியுள்ளனர். பின்வாங்கல் இலக்கியம் அப்படிமத்துக்குத் தேவையான முகங்களை வழங்கியது.

ரிகோனி ஸ்டேர்ன் தம் முதல் நூலின் தொடக்கப்புள்ளியில் நின்றுவிடவில்லை என்பதையும் பதிவு செய்தல் வேண்டும். 1971இல் அவர் அல்பேனிய முனையைப் பற்றித் தனிநூல் எழுதினார். விட்டுவந்த தொடக்கங்களுள் ஒன்றுக்கு, முப்பது ஆண்டுகள் கழித்துத் திரும்பினார். 1973இல் வெளிவந்த ‘டானுக்குத் திரும்புதல்’ நூலில் ஆயுதமின்றிப் பயணியாக அதே நிலப்பரப்புக்குச் செல்கிறார். 2002இல், எண்பது வயதில், தம் இளமைக்கால நம்பிக்கைகளைக் குறித்தும் படைச்சேர்க்கை குறித்தும் எழுதினார். அவருடைய எழுத்துகளை வெளிவந்த வரிசைக்கு மாறாக, நிகழ்வுகளின் வரிசையில் வைத்து வாசித்தால் ‘பனியில் ஒரு சார்ஜென்ட்’ வேறொரு நூலாகிறது. ஆனால் பள்ளிகளில் பாடமானதும் பொதுநினைவில் நின்றதும் 1953இன் நூல்தான். பின்னைய திருத்தங்களை வாசகர்கள் தேவையற்ற பின்னிணைப்புகளாகவே கொண்டனர்.

2022இல் இத்தாலிய நாடாளுமன்றம் ஜனவரி 26ஆம் நாளை மலைப்படையின் நினைவுக்கும் தியாகத்துக்கும் உரிய தேசிய நாளாகச் சட்டமியற்றியது. அது நிக்கோலாயெவ்காச் சண்டையின் நாள். ஒரு படையெடுப்புப் போரின் நிகழ்வைத் தேர்ந்தமை குறித்தும், யூதப் பேரழிவின் நினைவுநாளாகிய ஜனவரி 27க்கு முந்தைய நாளாக அது அமைந்தமை குறித்தும் வரலாற்றாசிரியர்கள் பலர் மறுப்புத் தெரிவித்தனர். சட்டம் மாறவில்லை. ரஷ்ய வரைபடத்தில் இன்று நிக்கோலாயெவ்கா தனி ஊராக இல்லை. லிவென்கா என்னும் குடியிருப்பின் ஒரு பகுதியாக அது இணைந்துவிட்டது.